சுண்ணாம்பு நனையவில்லை

பாதைக் குழுத் தலைவரே, நீங்கள் பொய் சொன்னீர்கள். தயிர்க்கார அக்கா வாவியில் மூழ்கிச் செத்ததற்கு வெல்டிங் பாஸின் ஒட்டு விட்டுப்போனதுதான் காரணம் என்று போர் முடிந்த வருடம் ஊர்க்கூட்டத்தில் சொன்னீர்கள். போன மாதம் அந்த அக்காவின் திவசத்துக்கு வந்து, அவருடைய வீட்டுச் சோற்றில் கை வைத்துக்கொண்டு அதையே மறுபடியும் சொன்னீர்கள். எதிர்ப் பந்தியில் நான் இருந்தேன். கை கழுவப் போன இடத்தில் அக்காவின் மகன் என்னிடம் வந்து, "அண்ணன், நீங்க அவரோட வேலை செஞ்ச ஆள். பாஸ்ட ஒட்டு விட்டுத்தானா எங்கட அம்மா செத்தவ?" என்று கேட்டான். அவனுக்கு அன்றே பதில் சொன்னேன். உங்களுக்கு, ஊரே படிக்கட்டும் என்று, இங்கே எழுதுகிறேன்.

என் மேசையில் ஒரு இரும்புத் துண்டு கிடக்கிறது. இரண்டு கை அகலம் இருக்கும். நடுவில் மீன் செதில் அடுக்கியதுபோல ஒரு வெல்டிங் வரி ஓடுகிறது. வரிக்கு ஒரு பக்கம் கனத்த தகடு. மறுபக்கம் கடதாசிபோல மெலிந்து, பல்லுப் பல்லாகக் கிழிந்த தகடு. அந்த வரியைப் போட்டவர் பாஸ். துண்டை வெட்டி எடுத்தவன் நான்.

வெளியூர்க்காரருக்காக ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். பாதை என்று எங்கள் பக்கம் சொல்வது வாவியைக் கடக்கிற இரும்பு மிதவையை. இரண்டு பெரிய இரும்புப் பெட்டிகளின் மேல் பலகை அடித்து, ஆளையும் மாட்டையும் உழவு மெசினையும் ஏற்றி, மேற்கே படுவான்கரைக்கும் கிழக்கே எழுவான்கரைக்கும் இடையே ஓட்டுவார்கள். பாஸ் என்பது கைத்தொழில்காரருக்கு நாங்கள் கொடுக்கிற மரியாதைப் பெயர். எங்கள் பாஸ் கடலோர டச்பார் பக்கத்துப் பறங்கியர், போர்த்துக்கேயர் வழி வந்த குடும்பம். உரத்த குரல், அதைவிட உரத்த சிரிப்பு. தன் வேலையைத் தானே புகழ்வதற்குக் கொஞ்சமும் கூச்சப்படாத மனிதர். ஒட்டி முடித்து, மேலே படிந்த கசடைச் சுத்தியலால் தட்டிவிட்டு, "பாரு மனே, இதுக்குப் பொட்டு வச்சுக் கலியாணம் பேசலாம்" என்பார். அவர் மின்சாரத்தால் ஒட்டுவார், நான் ஒட்சிசன் வாயுவால் வெட்டுவேன். ஒரே பட்டறையில் நெடுங்காலம் இருந்தோம், தினமும் சண்டை பிடித்தோம். "ஊருக்கு வெட்டுறவனும் வேணும், ஒட்டுறவனும் வேணும். ஆனா வெட்டுறவனுக்கு ஆரும் பொண்ணு குடுக்க மாட்டானுகள்" என்று என் மனைவியின் முன்னாலேயே சொல்லுவார். அவள் சிரித்துக்கொண்டு அவருக்கு இன்னொரு கோப்பை தேத்தண்ணீர் ஊற்றுவாள்.

சுனாமி வந்த காலையில் அவர் தேவாலயத்தில் இருந்தார். நத்தார்ப் பண்டிகைக்கு வந்த விருந்தாளிகளுக்குச் சமைக்கவென்று அவருடைய மனைவி வீட்டில் நின்றார். வீடும் இல்லை, மனைவியும் இல்லை. அடக்கம் முடிந்து சில நாள் அவர் வேலையைத் தொடவில்லை. பட்டறை வாசலில் வந்து உட்காருவார், எழும்பிப் போவார்.

அப்போது படுவான்கரையிலிருந்து ஆட்கள் வந்தார்கள். அலை வாவிக்குள்ளும் ஏறி, பாதையைத் துறையிலிருந்து பிடுங்கிக் கரையோரச் சேற்றுக் கண்ணா மரங்களுக்குள் எறிந்திருந்தது. ஒரு பெட்டியின் அடி கிழிந்துபோயிருந்தது. வட்டை வயல்களில் நெல் முற்றி நின்றது, நோயாளிகளைத் தோணியில் கொண்டுவந்தார்கள். வந்தவர்களில், மண்முட்டிகளில் தயிரை இக்கரைக்குக் கொண்டுவந்து விற்கிற தயிர்க்கார அக்காவும் ஒருவர். வேலைக்கு வரச்சொல்லி யாரும் பாஸிடம் வாய் திறக்கவில்லை. அக்காதான் திறந்தார். "அண்ணன், உங்களுக்கு நடந்தது தெரியும். கேக்க வாய் வரல்ல. ஆனா தயிர் முட்டியோட தோணியில ஏற எனக்குப் பயமாக் கிடக்கு." பாஸ் அவரை நிமிர்ந்து பார்த்தார். "முட்டிக்கா பயம், உனக்கா பயம் தங்கச்சி?" என்றார். அலைக்குப் பிறகு அவர் சொன்ன முதல் பகிடி அது. மறுநாள் சாமான்களை ஏற்றினோம்.

அந்த நாளில் வாவிக்கு இந்தக் கரையில் ஒரு ஆட்சி, அந்தக் கரையில் இன்னொரு ஆட்சி. ஒட்சிசன் சிலிண்டரைக் கண்டதும் சென்றிக் காவலில் நின்ற ஆமிக்காரன் துவக்கைத் திருப்பினான். உள்ளே என்ன என்று கேட்டான். "காத்து, மாத்தயா. நீங்க இழுக்கிற காத்துத்தான், இதுக்குள்ள ஒள்ளுப்பம் கூட" என்று அவனுக்குச் சிங்கள மரியாதை வைத்துச் சொன்னார் பாஸ். அவன் சிரிக்கவில்லை. மேலிடத்து அனுமதி வரும்வரை வெயிலில் நின்றோம். அக்கரையில் இயக்கப் பொடியன் ஒருவன் அதையே கேட்டான். அதே பதிலைச் சொன்னார். அவனும் சிரிக்கவில்லை. "ரெண்டு கரைக்காரனும் ஒரே பள்ளிக்கூடம்போல" என்று என் காதில் சொன்னார்.

கிழிந்த அடியை நான் வெட்டி எடுத்தேன். இரும்பு நெருப்பில் சிவந்து கசியத் தொடங்கும்போது ஒட்சிசனைத் திறந்துவிட்டால் அது பொறியாகப் பறந்து வழிவிடும். அடுத்து அவர் முறை. பெட்டிக்குக் கீழே சேற்றில் மல்லாந்து படுத்து, கறுப்புக் கண்ணாடி முகமூடியைத் தலையாட்டி இறக்கிக்கொண்டு, தலைக்கு மேலே ஒட்டினார். உருகிய இரும்பு கழுத்துக்குள் விழும். அவர் கை நகராது. தலைக்கு மேலே அப்படி ஒட்டுகிற இன்னொரு மனிதரை இந்த மாவட்டத்தில் நான் இன்றுவரை காணவில்லை. நான் யாரையும் இலேசில் புகழ்கிறவன் அல்ல.

ஒட்டியதும் சோதனை. வரியின் வெளிப்பக்கம் சுண்ணாம்பைப் பூசிக் காயவிட வேண்டும், உட்பக்கம் மண்ணெண்ணெய் தடவ வேண்டும். தண்ணீர் போகாத ஓட்டையிலும் மண்ணெண்ணெய் போகும். வரியில் மயிரளவு துளை இருந்தாலும் வெள்ளைச் சுண்ணாம்பில் கறுப்பாக ஊறும். நாங்கள் கொண்டுபோன சுண்ணாம்பு போதவில்லை. பாஸ் துறையில் நின்ற பெண்களைப் பார்த்து, "ஆரிட்ட கா சுண்ணாம்பு இருக்கு? இண்டைக்கு வெத்திலையை விடுங்க" என்று கத்தினார். தயிர்க்கார அக்கா தன் சுண்ணாம்பு டப்பாவை நீட்டி, "முழுக்கத் தின்னாம ஒள்ளுப்பம் மிச்சம் வைங்க அண்ணன்" என்றார். அக்காவின் கையாலேயே மீதி வரியைப் பூசவும் விட்டார் பாஸ். மண்ணெண்ணெய் தடவிவிட்டுப் பின்னேரம்வரை எல்லோரும் குந்தியிருந்து பார்த்தோம். சுண்ணாம்பு வெள்ளையாகவே இருந்தது. ஒரு புள்ளி நனையவில்லை.

அன்று பாஸ் எல்லோருக்கும் கேட்கச் சொன்னார்: "என்ட ஒட்டுக்கு நான் பொறுப்பு. பழைய தகட்டுக்கு நீங்க பொறுப்பு. வருசா வருசம் கரையில ஏத்தி, சுரண்டி, தார் பூசணும். இல்லாட்டி மறுகா என்ட ஒட்டு மட்டும்தான் மிஞ்சும்." தலைவரே, நீங்கள் முன்வரிசையில் நின்று தலையாட்டினீர்கள்.

சில வருடம் பாதையைக் கரையில் ஏற்றினீர்கள். போர் முடிந்த வருடம் ஏற்றவில்லை. அக்கரையில் வீதி வேலை தொடங்கியிருந்தது. ஒப்பந்தக்காரரின் கல்லும் தாரும் போக வேண்டும், பாதை ஒருநாளும் நிற்கக்கூடாது. பாஸ் துறைக்கு வந்து கத்தினார். "வீதி வேலை முடியட்டும் பாஸ், சும்மா ஆக்களைப் பயப்படுத்தாதீங்க" என்றீர்கள். நான் அவருக்குப் பக்கத்தில்தான் நின்றேன். அதன் பிறகு ஒருநாள் காலையில் வீதி அமுக்குகிற றோலரைப் பாதையில் ஏற்றச் சொன்னீர்கள். ஆட்களையும் இறக்கவில்லை. நடு வாவியில் ஒரு பெட்டிக்குள் தண்ணீர் ஏறி, பாதை சரிந்து, றோலர் உருண்டது. மற்றவர்கள் நீந்தினார்கள். அக்கா றோலருக்குப் பக்கத்தில் முட்டிகளோடு உட்கார்ந்திருந்தார்.

கூட்டத்தில் நீங்கள் பாஸின் பெயரைச் சொன்னீர்கள். நான் எழும்பினேன், உட்காரச் சொன்னீர்கள். அந்த நாளில் உங்களுக்குப் பக்கத்தில் துவக்கோடு யார் யார் இருந்தார்கள் என்று ஊருக்குத் தெரியும். மூழ்கிய பாதையைக் கரைக்கு இழுத்து, பழைய இரும்புக்கு வெட்ட ஆள் தேடினீர்கள். வெட்டுகிறவன் நான்தானே. வந்தேன், பார்த்தேன். ஒட்டு தொடக்கம் முதல் முடிவுவரை முழுதாக நின்றது. கிழிந்தது அதற்குப் பக்கத்திலிருந்த பழைய தகடு. உங்களைக் கூப்பிட்டுக் காட்டினேன். "துண்டாக்கு, கதைக்காதே" என்றீர்கள். துண்டாக்கினேன். இந்தத் துண்டை மட்டும் கொண்டுபோனேன்.

பாஸிடம் கொடுத்தேன். சந்தோசப்படுவார் என்று நினைத்தேன். வரியின் மேல் பெருவிரலை மெல்ல ஓட்டினார். "என்ட ஒட்டு நிக்குது மனே" என்றார். துண்டை என்னிடமே திருப்பித் தந்து, "அந்தத் தங்கச்சி நிக்கல்லியே" என்றார். அதன் பிறகு அவர் தன் வேலையைப் பற்றிப் பெருமையடித்து நான் கேட்கவில்லை. ஆட்கள் வாசல் கேற் ஒட்டக்கூட அவரிடம் வரவில்லை. அக்காவின் பிள்ளைகள் வீதியில் அவரைக் கண்டால் முகத்தைத் திருப்பினார்கள். அவர் அந்தத் துறைப் பக்கமே போகாமல் செத்தார். மனைவியை அலை கொண்டுபோனபோதும் எழும்பி வேலைக்கு வந்த மனிதரை, உங்கள் ஒரு பேச்சு வீட்டுக்குள் இருத்திவிட்டது.

இப்போது துறைக்குப் பக்கத்தில் பாலம் வந்துவிட்டது. பாதை என்றால் என்னவென்று கேட்கிற பிள்ளைகள் பள்ளிக்குப் போகிறார்கள். உங்கள் பொய் மட்டும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

ஆகவே கேட்கிறேன். எந்த நாள் என்று நீங்களே குறியுங்கள். இடம் பழைய துறை. என் மேசையில் கிடக்கிற இந்தத் துண்டை நான் கொண்டுவருகிறேன். மண்ணெண்ணெயும் நான் கொண்டுவருகிறேன். சுண்ணாம்பு அந்த அக்காவின் மகன் கொண்டுவருவான், நான் கேட்டுவிட்டேன். வரியின் ஒரு பக்கம் அவன் பூசட்டும், மறுபக்கம் நீங்கள் உங்கள் கையால் தடவுங்கள். பின்னேரம்வரை ஊர் குந்தியிருந்து பார்க்கட்டும். சுண்ணாம்பு நனைந்தால் நான் எழுதியது பொய் என்று அங்கேயே சொல்லுகிறேன். நனையாவிட்டால், அந்த வருடம் பாதையை ஏன் கரையில் ஏற்றவில்லை என்று அவனுடைய முகத்தைப் பார்த்து, எல்லோருக்கும் கேட்க, நீங்கள் சொல்ல வேண்டும்.