அவள் கண்ணுக்குத் தூற்றிய மண்

மேல்மலையனூர் அங்காளம்மனைக் கும்பிடுகிற எல்லோருக்கும் வணக்கம். என் வலது கண் அழுகியதையும், அம்மா அதைத் திருப்பித் தந்ததையும் சொல்லப் போகிறேன். இதில் நான் நல்லவள் என்று காட்டிக்கொள்ள ஒன்றும் இல்லை.

சிங்கவரத்தில் எங்களுக்குக் கொஞ்சம் நிலம். மூன்று வருடத்துக்கு முன்னால், பங்குனியில் மல்லாட்டை பிடுங்கிப் போட்டிருந்தபோது மழை பிடித்துக்கொண்டது. வேர்க்கடலையைத்தான் நாங்கள் மல்லாட்டை என்போம். பக்கத்து நிலம் என் ஓர்ப்படி செல்வியுடையது; என் வீட்டுக்காரரின் தம்பி மனைவி. நனைந்துபோன அவள் குவியலில் பூசணம் பிடித்து, பச்சையும் கறுப்புமாகப் பொடி உதிர்ந்தது. அதை அள்ளி வரப்பைத் தாண்டி என் பக்கம் கொட்டினாள்.

என் கோபம் ஊருக்கே தெரியும். அவள் முடியைப் பிடித்தேன். அவளும் பிடித்தாள். இரண்டு பேரும் சேற்றில் உருண்டோம். அவள் உதறிக்கொண்டு ஓடியபோது, அந்தப் பூசணத்தோடு மண்ணை இரண்டு கையாலும் வாரினேன். "உன் கண்ணு அவிஞ்சு போவ" என்று அவள் மேல் தூற்றினேன். எதிர்க்காற்று. அத்தனையும் என் முகத்திலேயே வந்து விழுந்தது.

சாயங்காலம், கண் ஏன் சிவந்திருக்கிறது என்று வீட்டுக்காரர் கேட்டார். செல்வி மல்லாட்டைச் செடியால் அடித்துவிட்டாள் என்று வாய் கூசாமல் சொன்னேன். அவர் மண்வெட்டியோடு போனார். அதன் காம்பால் கூடப்பிறந்த தம்பியின் மண்டையை உடைத்துவிட்டு வந்தார். சட்டையெல்லாம் ரத்தம். அன்றைக்கு எனக்கு அது திருப்தியாகத்தான் இருந்தது.

கடைத்தெரு மெடிக்கலில் கேட்டுச் சொட்டு மருந்து வாங்கிப் போட்டேன். இரண்டு நாள் சிவப்பு குறைந்தது. பிறகு கருவிழியில் வெள்ளையாக ஒரு புள்ளி விழுந்தது. கண்ணுக்குள் ஆணி அறைகிற மாதிரி வலி. சுவரில் தலையை மோதிக்கொண்டேன்.

புதுச்சேரியில் டாக்டரம்மா கண்ணைச் சுரண்டிப் பார்த்தார். பூஞ்சை என்றார். அஸ்பர்ஜில்லஸ் என்று ஒரு பேர் சொன்னார். மல்லாட்டையை அழுக வைக்கிற அதே இனம், மனுஷன் கண்ணையும் நுரையீரலையும்கூட விடாதாம். நான் வாங்கிப் போட்டது ஸ்டீராய்டு சொட்டு மருந்தாம், அது பூஞ்சைக்குத் தீனி போட்டிருக்கிறது. புதிதாக ஒரு மருந்து கொடுத்து, மணிக்கு ஒரு தடவை தவறாமல் விட வேண்டும், விழியில் ஓட்டை விழுந்தால் கண்ணையே எடுக்க வேண்டியிருக்கும் என்றார்.

பகலில் மருந்து விட வீட்டில் ஆள் இல்லை. மகள் சென்னையில். வீட்டுக்காரர் வேலைக்குப் போய்விடுவார். நானே விட்டால் பாதி கன்னத்தில் வழிந்தது. அடுத்த தடவை பார்த்தபோது புள்ளி பெரிதாகியிருந்தது. இன்னும் ஒரு வாரம் பார்க்கலாம் என்று அனுப்பினார்கள்.

மறுநாள் காலையிலேயே வீட்டுக்காரரோடு மலையனூர் போனேன். என் கண்ணைக் கொடு, அவள் கண்ணை எடு என்று வேண்டிக்கொள்ளத்தான் போனேன். சன்னதியில் பிரசாதமாகப் புற்று மண்ணைக் கையில் கொடுத்தார்கள். மண் கையில் பட்டதும் அன்றைக்கு வாரிய மண் நினைவுக்கு வந்தது. வேண்ட வந்தது வாயில் வரவில்லை.

"தாயே, அவ அடிக்கல. நான்தான் தூத்துனேன். கண்ணு போனா போவுது. அவளாண்ட போய்ச் சொல்ல எனக்குத் தெம்பு குடு" என்று அழுதேன்.

பின்னால் நின்ற வீட்டுக்காரர் கேட்டுவிட்டார். என்னை அறையக் கை ஓங்கினார். பிறகு அந்தக் கையாலேயே தன் தலையில் அடித்துக்கொண்டார், திரும்பத் திரும்ப. நாலு பேர் பிடிக்க வேண்டியிருந்தது.

அங்கிருந்து நேராகச் செல்வி வீட்டுக்குப் போனோம். கொழுந்தனார் தலைக்கட்டோடு படுத்திருந்தார். வீட்டுக்காரர் தம்பி காலடியில் உட்கார்ந்துவிட்டார். நான் எல்லாவற்றையும் சொன்னேன், மணிக்கொரு தடவை விட வேண்டிய மருந்து வரைக்கும். செல்வி விளக்குமாற்றை எடுத்து என்னை அடித்தாள். முதுகில், தோளில், கை ஓயும்வரை. நான் நகரவில்லை.

அடுத்த நாள் காலை ஆறு மணிக்கு அவளே என் வீட்டு வாசலில் நின்றாள், கையில் செல்போனோடு. மணிக்கொரு அலாரம் வைத்திருந்தாள்.

"படு. கண்ணத் தொற. உன்ன மன்னிச்சிட்டேன்னு மட்டும் நெனச்சுக்காத."

மருந்து குளிர்ச்சியாக நடு விழியில் விழுந்தது. நாற்பது நாள். அந்த நாற்பது நாளும் வழக்கமாகக் கூப்பிடுகிற "அக்கா" அவள் வாயில் வரவில்லை. ஒரு சொட்டும் தவறவில்லை. ஓட்டை விழவில்லை. மெதுவாகப் புண் ஆறியது. டாக்டரம்மாவே, இது பிழைக்கும் என்று தான் நினைக்கவில்லை என்றார். தழும்பு இருக்கிறது, கொஞ்சம் மங்கல்தான். ஆனால் பார்வை இருக்கிறது. அம்மாவுக்கு வெள்ளியில் கண்மலர் சாத்தினேன்.

நான் கண்ணைக் கேட்கவில்லை, தெம்பைத்தான் கேட்டேன். அம்மா இரண்டையும் கொடுத்தாள். கஷ்டத்தில் இருக்கிறவர்கள் அவளிடம் போங்கள். நடந்ததை நடந்தபடி சொல்லுங்கள், அவள் கைவிட மாட்டாள். கண்ணில் அடி பட்டால் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்கும் போங்கள்.

இந்தப் பங்குனியில் மறுபடியும் மல்லாட்டை பிடுங்கினோம். காற்று கிளம்பியது. வரப்புக்கு அந்தப் பக்கமிருந்து செல்வி, நிமிராமலே குரல் கொடுத்தாள்:

"காத்தடிக்குது. கண்ணாடியப் போடுக்கா."