குழாயடி இடம்

அந்த மீன் சந்தையில் மீன் வெட்டிக் கொடுக்கும் பெண்கள் பதினொரு பேர். குழாயடியில் உட்காரும் பாக்கியம் ஒருத்திக்குத்தான். கையை நீட்டினால் தண்ணீர். உள்ளே நுழைகிறவர்கள் கண்ணில் முதலில் படுவதும் அவள்தான். பத்தொன்பது வருஷமாக அங்கே உட்கார்ந்தவள் செதிலக்கா. பட்டா கிடையாது, ரசீது கிடையாது. யாருடைய அரிவாள்மனை ஏழு நாள் தொடர்ந்து ஓரிடத்தில் இருக்கிறதோ, இடம் அவளுக்கு. சந்தையின் சட்டம் அவ்வளவுதான்.

ஒருநாள் கெளுத்தி மீனின் முள் அவள் உள்ளங்கையில் ஏறி, கை வீங்கிப்போனது. பத்து நாள் தண்ணீர் படக்கூடாது என்றார் டாக்டர். புருஷன் கைவிட்டதால் இரண்டு பெண் பிள்ளைகளோடு தன் வீட்டுப் பின்னறையில் வந்து ஒண்டியிருந்த தங்கையைக் கூப்பிட்டாள் செதிலக்கா.

"நீ போய் உக்காருடி. காலியா கிடந்தா கொத்திட்டுப் போயிடுவாளுங்க."

"உன் அருவாமனையைக் குடுக்கா."

விதவையான பிறகு செதிலக்காவுக்குச் சோறு போட்டது அது ஒன்றுதான். மனசு வரவில்லை.

"அடுத்தவ கை பட்டா மழுங்கிடும். உன்னுது ஒண்ணு மூட்டையில கிடக்கே, அதை எடுத்துட்டுப் போ."

"நான் அடுத்தவளா?" தங்கை சிரித்தாள். சிரித்துக்கொண்டேதான் போனாள்.

சட்டம் செதிலக்காவுக்குத் தெரியாதா? கூடப் பிறந்தவளிடம் சட்டம் எதற்கு என்று நினைத்துவிட்டாள், பாவி.

பதினோராம் நாள் காலை அரிவாள்மனையைச் சாக்கில் சுற்றிக்கொண்டு வந்து நின்றாள்.

"எழுந்திருடி. கை தேவலை."

தங்கை வஞ்சிரத்தின் தலையை ஒரே இழுப்பில் அறுத்தாள். "எனக்கு ரெண்டு பொண்ணுங்கக்கா. உனக்கு யாரு இருக்கா?"

செதிலக்கா வரிசையைப் பார்த்தாள். எல்லோருக்கும் மூத்தவள் வாயைத் திறந்தாள்: "உன் அருவாமனையை அனுப்பியிருந்தா நாங்களே அவளைக் கிளப்பியிருப்போம். பத்து நாளும் அவளுதுதானே இருந்துச்சு?"

"இவ தன்னுதை வீட்ல தாலாட்டித் தூங்க வெச்சிருப்பா," என்றாள் இன்னொருத்தி. வரிசையே சிரித்தது.

"என் கூரைக்குக் கீழதானேடி படுக்குற?"

"வேற ரூம் பாத்தாச்சுக்கா. சாயந்திரம் காலி பண்றோம்." தங்கை தலையைக்கூடத் தூக்கவில்லை.

வருஷக்கணக்காகச் செதிலக்காவிடமே வரும் வாடிக்கைக்காரர் ஒருவர் இருவரையும் பார்த்தார். பிறகு மீன்பையைக் குழாயடியில் வைத்தார்.

சாக்கடையோரம் யாரும் உட்காராத மூலை ஒன்று இருந்தது. செதிலக்கா அங்கே சாக்கை விரித்தாள். ஒரு மணி நேரம் ஈகூட வரவில்லை. அப்புறம் தங்கையின் குரல் கேட்டது:

"நெத்திலி எல்லாம் நான் தொடறதில்லம்மா, பொழுது போயிடும். அந்தக் கோடியில ஒரு அம்மா சும்மாதான் இருக்கு, கேட்டுப் பாருங்க."

அக்கா என்றுகூடச் சொல்லவில்லை. இரண்டு கிலோ நெத்திலி வந்தது. செதிலக்கா புதுத்தோல் மூடாத கையை நீட்டிப் பையை வாங்கிக்கொண்டாள்.