கழக்கூட்டத்துக் குழிக்குள் ஓர் ஊர்

பேய், பிசாசு, அருள்வாக்கு எதையும் நான் நம்பியவன் இல்லை. கட்டடம் கட்டும் இடங்களில் நிலம் எவ்வளவு அதிர்கிறது என்று அளந்து சொல்வது என் தொழில், எண்ணாக வராத எதையும் இருப்பதாகவே எடுத்துக்கொள்ள மாட்டேன். மகளைப் பற்றிய கவலையில் இவனுக்கு மூளை கலங்கிவிட்டது என்று என் மைத்துனன் சொல்கிறான். கேட்டுவிட்டு நீங்களும் அப்படி நினைத்தால் தப்பில்லை.

வீடு வலியசாலையில். மனைவி கோமதிக்கு நாகர்கோவில் பக்கம். ஒரே மகள் மீனு, அப்போது ஒன்பது வயது. பிறவியிலேயே காது கேட்காது, ஆபரேஷன் செய்தும் பலனில்லை. கைஜாடையில்தான் பேசுவோம். அதிலும் கேட்டதற்குப் பதில் சொல்வாளே தவிர, அவளாக எதுவும் பேச மாட்டாள்.

கழக்கூட்டத்தில் ஒரு அடுக்குமாடிக்கு அஸ்திவாரம் தோண்டினார்கள். இயந்திரம் இடிக்கிற இடியில் பக்கத்து வீடுகள் விரிசல் விடக்கூடாது என்பதற்காக என் கருவியை அங்கே வைத்திருந்தேன். மூன்று நாளாக ஒரு குழப்பம். மதியச் சாப்பாட்டுக்கு எல்லாவற்றையும் நிறுத்திய பிறகும் திரையில் கோடு துள்ளியது. ஐந்து தட்டு, ஒரு இடைவெளி, மறுபடி ஐந்து. ஹைவேயில் போகிற லாரி அப்படி எண்ணித் தட்டாது.

ஞாயிற்றுக்கிழமை கோமதி ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்ததால் மீனுவையும் கூட்டிக்கொண்டு காலை பத்து மணிக்கு அங்கே போனேன். சூப்பர்வைசர் பிஜு மட்டும் இருந்தான். முந்தின நாள் தோண்டும்போது குழியின் அடியில் செம்பாறை உடைந்து ஒரு வாய் திறந்ததாம், தார்ப்பாய் போட்டு மூடியிருந்தான். மூன்று பேரும் டார்ச்சோடு குனிந்து உள்ளே போனோம்.

நம்பினால் நம்புங்கள், அது ஒரு தெரு. இரண்டு பக்கமும் பாறையில் குடைந்த வீடுகள். ஓர் எழுத்து இல்லை, சிற்பம் இல்லை, விளக்கு வைக்க மாடம்கூட இல்லை, கூரையில் புகைக்கரி இல்லை. ஒவ்வொரு வாசலிலும் மெல்லிய கருங்கல் பலகை ஒன்று கீழே வெற்றிடம் விட்டுப் பதிக்கப்பட்டிருந்தது. ஒன்றில் நான் கால் வைத்ததும் தெரு முழுக்கக் கற்கள் ஒன்றன்பின் ஒன்றாக முனகின, காதில் அல்ல, பல்லிலும் முழங்காலிலும் அது தெரிந்தது. சுவர் நெடுக உள்ளங்கை அளவுக் குழிகள். பெரியவர்களுக்கு மேலே ஒரு வரிசை, குழந்தைகளுக்குக் கீழே ஒரு வரிசை. எத்தனையோ தலைமுறைக் கைகள் பட்டு வழவழவென்று தேய்ந்திருந்தன. கல் வழியாகவே பேசி வாழ்ந்த ஜனங்கள் என்றுதான் எனக்குத் தோன்றியது. அப்படி ஒரு கூட்டம் இருந்ததாக நான் எங்கும் படித்ததில்லை.

மீனு என் கையை உதறிவிட்டுக் கீழ்வரிசைக் குழி ஒன்றில் உள்ளங்கையை வைத்தாள். அளவெடுத்ததுபோல் பொருந்தியது. கொஞ்ச நேரம் அசையாமல் நின்றாள். பிறகு மற்றக் கையால் ஐந்து தட்டு தட்டினாள். கருவியைத் தரையில் வைத்தேன். அவள் தட்டியது கோடாக வந்து நின்றதும், கீழேயிருந்து இன்னொன்று வந்தது. அவள் தட்ட அது தட்ட, அப்படியே போய்க்கொண்டிருந்தது. அவள் வாய்விட்டுச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்து அதுவரை நான் கேட்டதில்லை.

யார் என்று ஜாடையில் கேட்டேன்.

"நிறையப் பேர். யாராவது இருக்கீங்களான்னு கேக்கிறாங்க. நான் இருக்கேன்னு சொன்னேன்."

மேலே வந்ததும் பிஜு என்னைத் தனியாக அழைத்து, யாரிடமும் சொல்லக்கூடாது என்று பாதி மலையாளத்தில் கெஞ்சினான். "ஸாரே, இது ஆரோடும் பறயண்டா. தொல்பொருள்காரங்க வந்தா பணி நிக்கும், எனக்கும் ஸாருக்கும் ஜோலி போகும். நாளைக்குக் காலைல காங்கிரீட் இறக்கச் சொல்லிட்டாங்க."

"உள்ள ஆளு இருக்குன்னு பிள்ள சொல்லுதே, பிஜு."

"சின்னப் பிள்ளையல்லே ஸாரே. கல்லுக்குள்ள ஆரு இருக்கான்?"

அன்று மாலை தொல்பொருள் துறைக்கு ஒரு மின்னஞ்சல் எழுதினேன், படங்களையும் சேர்த்தேன், அனுப்பவில்லை. ஏன் என்று நல்லதாக ஒரு காரணம் தேடிப் பார்க்கிறேன், பயம் என்பதைத் தவிர எதுவும் கிடைக்கவில்லை. குறிப்பிடும்படி அதிர்வு எதுவும் இல்லை என்று ரிப்போர்ட்டும் எழுதிக் கொடுத்தேன்.

மறுநாள் எட்டு மணிக்குக் காங்கிரீட் விழத் தொடங்கியது. நான் கருவியின் முன் உட்கார்ந்திருந்தேன். லாரிகளின் அதிர்வுக்கு நடுவிலும் அது தனியாகத் தெரிந்தது. முதலில் ஐந்து ஐந்தாக வந்தது. பிறகு கணக்கில்லாமல், பல இடங்களிலிருந்து ஒரே நேரத்தில் வந்தது. பிறகு ஒவ்வொரு இடமாக நின்றது. பத்தரைக்குக் கோடு படுத்துவிட்டது.

அப்போதுதான் கோமதி போன் செய்தாள். "எங்க இருக்கீங்க? பிள்ள காலையில இருந்து தரையில கெடந்து அடிக்கா. கை ரெண்டும் ரத்தமாட்டு இருக்கு. எனக்கு ஒண்ணும் மனசிலாவல்ல, சீக்கிரம் வாங்க."

நான் போய்ச் சேரும்போது மீனு சுவரோரமாக உட்கார்ந்திருந்தாள். மன்னிப்புக் கேட்கக் கையைத் தூக்கினேன். அவள் கண்ணை மூடிக்கொண்டாள். காது கேட்காத பிள்ளை கண்ணையும் மூடிக்கொண்டால் அதற்குமேல் அவளிடம் எதைச் சொல்வது?

இரண்டு வருஷம் ஆகிறது. கட்டடம் எழும்பி எல்லா மாடியிலும் ஆள் வந்துவிட்டார்கள். பிஜு வளைகுடாவுக்குப் போய்விட்டான். மீனு பள்ளிக்கூடம் போகிறாள், அம்மாவிடம் ஜாடையில் பேசுகிறாள், என்னிடம் மட்டும் இல்லை.

இந்த மழைக்காலத்தில் அவள் மறுபடி சமையலறைத் தரையில் கை வைக்கத் தொடங்கினாள். கருவியை வைத்துப் பார்த்தேன், கோடு துளி அசையவில்லை. ஆனால் அவள் தட்டுகிறாள், காத்திருக்கிறாள், தலையை ஆட்டுகிறாள், திரும்பத் தட்டுகிறாள். என்ன கேட்கிறார்கள் என்று பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன். இரண்டு வருஷத்தில் முதல்முறையாக என் முகத்தை நேராகப் பார்த்தாள். விரலை நீட்டி என் வெறுங்காலைக் காட்டினாள்.

அன்றிலிருந்து, என் நடை தரைக்குக் கீழே தெரியக்கூடாதென்று, நான் வீட்டுக்குள்ளும் ரப்பர் செருப்பு போட்டுக்கொண்டுதான் நடக்கிறேன். சாமியறை இருக்கிற வீட்டில் இதென்ன பழக்கம் என்று கோமதி தினமும் சண்டை போடுகிறாள். செருப்பு போட்டும் பயனில்லை. நான் எழுந்து அடுத்த அறைக்குப் போகும்போதெல்லாம் மீனு தரையில் ஒரு தட்டு தட்டுகிறாள்.