நண்டு வளைக்குள் என் கை

போன சம்பா பருவத்தில், குத்தாலத்துக்குப் பக்கத்தில் என் அக்காவைக் கட்டிக்கொடுத்த ஊரில் நடந்தது இது. பத்து நாள் தியான முகாமை முடித்த கையோடு அவள் வீட்டுக்குப் போயிருந்தேன். இயற்கைதான் கடவுள், கவனித்தால் போதும் என்று போன நிமிடத்திலிருந்து அவளிடம் ஓயாமல் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"அவ்வளவு நல்லா கவனிப்பியா? அப்ப காலையில வயலுக்கு வா" என்றாள்.

அக்கா ஒரு ஏக்கர் குத்தகைக்கு எடுத்துப் பயிர் செய்கிறாள். அன்று அவளுடைய முறைத் தண்ணீர். காலை பத்து மணிவரைதான். விட்டால் அடுத்த முறைக்கு ஒரு வாரம் ஆகும். நட்டு நாலே நாள் ஆன பயிர்.

"தண்ணியப் பாத்துக்க. புள்ளைய ஸ்கூலுக்கு அனுப்பிட்டு வந்துடுறேன்."

வரப்பில் உட்கார்ந்து கண்ணை மூடினேன். முதுகுக்குப் பின்னால் சலசலவென்று தண்ணீர்ச் சத்தம். முகாமில் கிடைக்காத அமைதி அதைக் கேட்டதுமே கிடைத்துவிட்டது. எவ்வளவு நேரம் அப்படியே இருந்தேனோ!

"அடிப்பாவி! எழுந்திரிடி!"

அக்காவின் கத்தலில் திரும்பினால், வரப்பில் ஒரு நண்டு வளை. அதன் வழியாக வயல் தண்ணீரெல்லாம் பின்னாலிருந்த வடிகாலுக்குள் கொட்டிக்கொண்டிருந்தது. நான் உருகி உருகிக் கேட்டது அதைத்தான். பாதி வயல் வெறும் சேறு.

"உள்பக்கமா கைய வுட்டு அடை. மண்ணு வெட்டிட்டு வர்றேன்."

முழங்கைவரை விட்டேன். கடைத்தெருவில் குழந்தை விரலைப் பிடித்து இழுக்குமே, அப்படி இழுத்தது தண்ணீர்.

"அக்கா, நண்டு கடிக்குது!"

"கடிக்கட்டும். அதையும் கவனி, சாமியாரம்மா."

எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. அவள் மண்ணை வைத்து மிதிக்க மிதிக்க, இழுப்பு அடங்கியது. மடையிலிருந்து வந்த தண்ணீர் ஒவ்வொரு நாற்றின் காலையும் தொட்டு ஏறியதை இமைக்காமல் பார்த்தேன். கும்பிடத் தோன்றியது. கைதான் சேற்றுக்குள் இருந்தது.

பத்து மணிக்கு முறை முடிந்தபோது மேட்டு மூலை மட்டும் நனையவில்லை. வடிகாலில் தேங்கியிருந்த தண்ணீரைக் குடத்தில் மொண்டு மொண்டு இருவரும் மதியம்வரை ஊற்றினோம். அக்கா அதற்குப்பின் ஒரு வார்த்தைகூடத் திட்டவில்லை. என் வீங்கின விரலுக்கு மட்டும் மஞ்சள் பூசிவிட்டாள்.

இப்போதும் தண்ணீர்க் கரையில் தியானம் செய்கிறேன். ஆனால் அந்தத் தண்ணீர் யாருடைய பயிருக்குப் போய்க்கொண்டிருக்கிறது என்று கண் நிறையப் பார்த்துவிட்டுத்தான் உட்காருகிறேன். பல நாள் அப்படிப் பார்ப்பதிலேயே என் தியானம் முடிந்துவிடுகிறது.