வசனம்: சின்னப்பா

மலாக்காவில் காஜா பேராங் கிராமத்தில் தபால்காரரின் சைக்கிள் மணி கேட்டாலே உள்ளறைக்குள் நழுவிய ஒரே மனிதர் சின்னப்பா பிள்ளைதான். சிங்கப்பூரிலிருந்து தடித்த உறை வரும். மதராஸிலிருந்து வந்து மலாய்ப் படம் எடுக்கும் இயக்குநர் கருணாகரன் தமிழில் எழுதிய காட்சிகள் அதில் இருக்கும். அவற்றுக்கு மலாயில் வசனம் எழுதுவது இவர் வேலை. சிக்கல் என்னவென்றால், இவருக்குத் தமிழ் தெரியாது.

திட்டம் போட்டு ஏமாற்றவில்லை. சின்னப்பா 'மலாக்கா சிட்டி' வகுப்பு, பல நூறு வருஷத்துக்கு முன் மலாக்காவில் குடியேறிய தமிழ் வணிகர்களின் வழிவந்தவர். நெற்றியில் திருநீறு, வீட்டில் சாமி, பேச்சு மட்டும் தலைமுறை தலைமுறையாக மலாய். இவர் போட்ட மேடை நாடகத்தைப் பார்த்த கருணாகரன் நெற்றியைப் பார்த்தார், பெயரைக் கேட்டார், ஆள் அனுப்பி வேலையைக் கொடுத்துவிட்டார். தமிழ் தெரியுமா என்று யாரும் கேட்கவில்லை. இவரும் வாயைத் திறக்கவில்லை. சினிமா ஆசை யாரை விட்டது!

காப்பாற்றியவள் மனைவி ருக்மணி. ரப்பர் தோட்டத்துத் தமிழ்ப் பள்ளியில் படித்தவள். அடுப்படியில் உட்கார்ந்து அவள் படித்து மலாயில் சொல்வாள், இவர் எழுதுவார். இப்படியே மூன்று படம் ஓடியது. ஆனாலும் குட்டு வெளிப்பட்டால் பிழைப்பு போய்விடும் என்ற பயம் மட்டும் போகவில்லை.

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த பிறகு முதல் போகி. சிட்டிகளின் போகி வழக்கப்படி முன்னோருக்கு வாழையிலையில் படையல் வைத்து, மூத்தவரான சின்னப்பா இறந்துபோன அப்பாவைப் பெயர் சொல்லி மலாயில் சாப்பிட அழைத்துக்கொண்டிருந்தார். வாசலில் கார் நின்றது. சொல்லாமல் கொள்ளாமல் வந்து இறங்கிய கருணாகரன் ஒரு தாளை நீட்டினார்.

"கடைசிக் காட்சியை மாத்திட்டேன். படிச்சுப் பார்த்துட்டு இப்பவே வசனம் எழுதிக் கொடுங்க."

தாளில் இருந்த தமிழ் எழுத்தைப் பார்த்ததுமே என்ன கேட்கிறார் என்று சின்னப்பாவுக்குப் புரிந்துவிட்டது. பூசி மெழுகிவிடலாம்தான். ஆனால் அப்பாவும் தாத்தாவும் இலை முன்னால் வந்து அமர்ந்திருக்கும் நேரம். பொய் சொல்ல நாக்கு எழவில்லை.

"சாயா தா தாவு தமிழ், துவான்" என்றார் சின்னப்பா, தலையைக் குனிந்துகொண்டு.

ருக்மணி முன்னால் வந்தாள். "அவருக்குத் தமிழ் தெரியாதுங்க ஐயா. நான்தான் படிச்சுச் சொல்லுவேன்."

கருணாகரன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு விழுந்து விழுந்து சிரித்தார்.

"அஞ்சு வருஷமா மலாய்ப் படம் எடுக்கறேன். எனக்கு மலாய் தெரியுமா? ஜனங்க அழுதா வசனம் நல்லா இருக்குன்னு அர்த்தம், அவ்வளவுதான்!"

ருக்மணி அதை மலாயில் சொன்னதும் சின்னப்பாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"ஒண்ணு மட்டும் சொல்லும்மா" என்றார் கருணாகரன். "போன படத்துல அம்மாக்காரிக்கு ஒரு பக்கம் வசனம் எழுதி அனுப்பினேன். நடிகை ஒரே வரி பேசிட்டு நின்னா. தியேட்டரே அழுதுச்சு. மிச்சம் எங்கே போச்சு?"

"நான்தான் அவர்கிட்ட சொல்லலீங்க. மகனைக் கப்பலேத்திட்டு நிக்கிறவ அவ்வளவு பேசமாட்டா, ஐயா."

கருணாகரன் கையிலிருந்த தாளை அவளிடமே கொடுத்தார்.

பிற்காலத்தில் தொலைக்காட்சி வந்து, சின்னப்பா கோலாலம்பூரில் நாடகத் தயாரிப்பாளராகவே ஆனார். ஆனால் அவர் சந்தோஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தது அந்தப் போகிக்கு அடுத்து வந்த உறையைப் பற்றித்தான். அதன்மேல் இரண்டு பெயர்கள் எழுதப்பட்டிருந்தன. அன்றைக்குத்தான் தபால்காரரை முதல்முறையாக உள்ளே கூப்பிட்டுக் காப்பி கொடுத்தார்.