மேட்டுப்பட்டியில் ஒரு ஜப்பான் புனிதை

காலை 9.10. மதுரை ஆரப்பாளையத்தில் பேருந்து ஏறினேன். திண்டுக்கல் அறுபத்தைந்து கிலோமீட்டர். ஜப்பானிய நடிகையைத் தேடுபவன் டோக்கியோவுக்கல்லவா போக வேண்டும் என்பீர்கள். பாஸ்போர்ட் இல்லை, ஜன்னலோர சீட் கிடைத்தது.

ஆரம்பகால ஜப்பானியப் படங்களில் பெண் வேடத்தையும் ஆண்களே போட்டார்கள். பிறகு நடிக்க வந்த பெண்களில் ஹருகோ ஒருத்தி. படங்கள் அழிந்துவிட்டன, மிஞ்சியது மங்கலான ஒரு புகைப்படம். குடும்பம், கல்லறை எதுவும் தெரியாது. மூன்று வருடமாக அவளைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறேன். நான்கு பக்கம் முடிந்துவிட்டது. போன வாரம் கல்லூரித் தோழன் அருள் தன் புதுவீட்டுப் படங்களை அனுப்பினான். வீட்டுப் பீடத்தில், மாதாவுக்கும் அந்தோணியாருக்கும் நடுவே, ஹருகோ!

10.50. சிறுமலை வலப்பக்கமாகக் கூடவே வந்து திண்டுக்கல்லில் இறக்கிவிட்டது. மேட்டுப்பட்டிக்கு ஆட்டோ எண்பது ரூபாய்.

"எந்த வீடுண்ணே?"

"செலின் டீச்சர் வீடு."

"ஜப்பான் புனிதை வீடா! என் மக பத்தாவது பாஸானதே அவுக புண்ணியந்தான்."

இவர்களிடம் போய் அவள் சினிமா நடிகை என்று எப்படிச் சொல்வது?

அருளின் அம்மா செலின் டீச்சர், ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார். கப்பலில் சமையல்காரராக இருந்த மாமனாரின் அப்பா ஜப்பானின் கோபே துறைமுகத்தில் வாங்கி வந்த படமாம். கைகூப்பி மேலே பார்க்கும் முகம். விசுவாசத்துக்காக உயிர்விட்ட வேதசாட்சி என்றே வீட்டில் முடிவு செய்துவிட்டார்கள். கீழே பேத்தியின் ஹால் டிக்கெட்.

"இவன் ஹால் டிக்கெட்டும் இந்தப் படத்துக்குக் கீழதான் இருந்துச்சு தம்பி." டீச்சர் அருளைக் காட்டினார்.

"நான் படிச்சுப் பாஸானேம்மா!"

"ஏலே, முப்பத்தஞ்சு மார்க்குக்குப் பேரு படிப்பா?"

படத்தைச் சட்டத்திலிருந்து கழற்றினோம். எனக்குத் தெரிந்த ஜப்பானிய எழுத்து இரண்டுதான்; அந்த இரண்டும் அவள் பெயர். பின்பக்கம் இரண்டும் இருந்தன. துள்ளிக் குதித்தேன். குதித்த பிறகு மறைக்க முடியுமா? சொல்லிவிட்டேன்.

டீச்சர் படத்தைக் கையில் வாங்கிப் பார்த்தார். பிறகு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

"நடிகையா! அம்புட்டு நல்லா நடிச்சிருக்கா, பாருங்க. சரி, செத்த பிறகு இவளுக்கு யாரு பூசை வச்சா?"

"தெரியல டீச்சர்."

"அப்ப இத்தன வருசம் இவகிட்ட வேண்டுனோம். இனிமே இவளுக்காக வேண்டணும்."

இறந்தோர் பூசைக்காகப் பெயர் எழுதிக் கோயிலில் கொடுக்கும் கவரை எடுத்தார். கணவர், மாமனார், அவர் அப்பா பெயர்களுக்குக் கீழே எழுதினார்: ஹருகோ. நான் மூன்று வருடம் தேடியும் கிடைக்காத குடும்பம், மட்டன் குழம்பு கொதிப்பதற்குள் அவளுக்குக் கிடைத்துவிட்டது.

படம் மறுபடி பீடம் ஏறியது. அருள் ஹால் டிக்கெட்டை எடுக்கப் போனான்.

"ஏலே, அதத் தொடாத! பரீட்ச முடியட்டும்."

மாலை 4.30. திரும்பும் பேருந்தில் ஜன்னல் சீட் இல்லை, நின்றுகொண்டே வந்தேன். வாடிப்பட்டி தாண்டும்போதுதான் உறைத்தது: என் நான்கு பக்கத்தையும் அந்த ஹால் டிக்கெட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு வந்திருக்கலாம்.