ஹாரன் கேட்ட பிறகுதான் உப்பு

லெட்யூஸ், பாலக், புதினா, வெள்ளரி. எல்லாவற்றையும் கழுவித் துடைத்தாயிற்று. மாதுளைச் சாறு, எலுமிச்சை, எண்ணெய், உப்பு நான்கையும் பாட்டிலில் ஊற்றிக் குலுக்கிவிட்டேன். அதை இலைகள் மேல் ஊற்றுவது மட்டும் பாக்கி. இப்போதே ஊற்றினால் இலை துவண்டுவிடும். “ரயில் கடம்பூர் தாண்டியாச்சுட்டி” என்று அப்பா போன் செய்து அரை மணி நேரமாகிறது. மூன்று முறை வாசலைப் பார்த்துவிட்டேன்.

நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அப்பா தீப்பெட்டி பண்டல் ஏற்றி வடக்கே போகும் லாரியின் டிரைவர். மாதத்தில் ஒரு நாள்தான் வீட்டில் இருப்பார். அன்று அம்மா வெள்ளரியும் வெங்காயமும் நறுக்கி, புளிப்புத் திராட்சையைப் பிழிந்து வைப்பாள். தெருமுனையில் அவர் ஹாரன் கேட்ட பிறகுதான் உப்பு. ஏழு வயதில் ஒரு நாள், உப்பு போடும் வேலையைக் கெஞ்சி வாங்கினேன். ஹாரன் கேட்டதும் அள்ளிப் போட்டுவிட்டேன். வந்தது வேறு லாரி.

“ஏட்டி, ஒங்க அப்பா ஹாரன்கூடத் தெரியாதா ஒனக்கு?” என்றாள் அம்மா.

அப்பா வந்தபோது, உப்பில் வெள்ளரி நீர் விட்டு, கிண்ணத்தில் பாதி தண்ணீர். நான் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். அவர் கிண்ணத்தைத் தூக்கி, அந்தத் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்தார். “தாகத்தோட வாரவனுக்கு இதாம்ட்டி வேணும்.”

இப்போது அழைப்பு மணி அடித்தது. பாட்டிலை அப்படியே இலைகள் மேல் கவிழ்த்துவிட்டு ஓடிப்போய்க் கதவைத் திறந்தேன். கேஸ் சிலிண்டர் கொண்டுவந்தவர் நின்றிருந்தார்.

உள்ளே வந்து, கிண்ணத்தின் பக்கத்தில் ஒரு டம்ளரையும் எடுத்து வைத்தேன்.